மோசெல் கரையோரம் சைக்கிளில் ஆறு நாள்: ஒயின் ஊர்களை நிதானமாகச் சுற்றிவர ஒரு முழு வழிகாட்டி

ஜெர்மனியின் கோக்கம் நிலையத்தில் ட்ரியர் போகும் பாசஞ்சர் ரயிலில் ஏறினால், கிளம்பிய கையோடு ஒரு சுரங்கத்துக்குள் நுழைந்துவிடும். இந்தப் பாதையில் 1879இல் சுரங்கம் திறந்தார்கள், நீளம் 4.2 கிலோமீட்டர். இருட்டு விலகும்போது எல்லர் வந்திருக்கும். மோசெல் ஆறு அவ்வளவு அவசரப்படுவதில்லை. எல்லரிலிருந்து கோக்கம் வந்துசேர அது சுமார் 20 கிலோமீட்டர் வளைந்து திரும்புகிறது. அந்த வளைவுகளில்தான் திராட்சைத் தோட்டங்கள் இருக்கின்றன. இந்த வழிகாட்டி அந்த 20 கிலோமீட்டர் வேண்டும் என்கிறவர்களுக்கு.

முதல் தடவை நான் ட்ரியரிலிருந்து கோப்லென்ஸ் வரையான கிட்டத்தட்ட 195 கிலோமீட்டரை மூன்றே நாளில் முடித்தேன். தினமும் 65 கிலோமீட்டர். பாதை சமதளம் என்பதால் கால் வலிக்கவில்லை. ஆனால் ஒரு செவ்வாய்க்கிழமை இரவு எட்டரைக்கு ஒரு சின்ன ஊரில் போய் இறங்கியபோது, இருந்த இரண்டு சாப்பாட்டுக் கடைக்கும் அன்று வார விடுமுறை. பையிலிருந்த பிஸ்கட்டைத் தின்றுவிட்டுப் படுத்தேன். அதைவிட, வழியில் கடந்துவந்த முப்பது ஊர்களில் ஒன்றிலாவது அரை நாள் உட்காரவில்லையே என்ற வருத்தம்தான் பெரிதாக இருந்தது. அடுத்த தடவை ஆறு நாள் எடுத்துக்கொண்டேன். இப்போது யார் கேட்டாலும் ஆறு நாள் என்றுதான் சொல்கிறேன்.

ஏன் மோசெல்?

ஒயின் நாடு என்றதும் எல்லோருக்கும் பிரான்ஸோ இத்தாலியோதான் ஞாபகம் வரும். ஆனால் சைக்கிள் பழக்கம் அதிகம் இல்லாதவர் முதல்முறை போக மோசெல்லுக்கு இணையில்லை. பாதை ஆற்றை ஒட்டியே போவதால் மேடு அதிகம் கிடையாது. ட்ரியருக்கும் கோப்லென்ஸுக்கும் நடுவே பத்துத் தடுப்பணைகளும், கப்பலை ஏற்றி இறக்கும் லாக்குகளும் கட்டி, 1964இல் இந்த ஆற்றைப் பெரிய கப்பல் போகும் வழியாக்கினார்கள். அதனால் தண்ணீர் ஏரி மாதிரி அசைவில்லாமல் கிடக்கும். மூன்று நான்கு கிலோமீட்டருக்கு ஒரு ஊர் வரும். ஊர்தோறும் சொந்தத் திராட்சையில் ஒயின் செய்யும் குடும்பங்கள் இருக்கும். முடியவில்லை என்றால் ரயிலில் ஏறிக்கொள்ளலாம்.

ஒரு எச்சரிக்கை. பிரதான ரயில் பாதை ஷ்வைக் தாண்டியதும் ஆற்றை விட்டு விலகி, புல்லாய் பக்கத்தில்தான் மறுபடி வந்து சேர்கிறது. நடுவில் இருக்கும் நடு மோசெல்தான் ஒயினுக்குப் பேர்போன பகுதி. புல்லாயிலிருந்து ட்ராபன்-ட்ரார்பாக் வரை ஒரு கிளை ரயில் ஓடுகிறது. மற்ற ஊர்களுக்கு, சைக்கிள் ஏற்ற ட்ரெய்லர் இணைத்த பஸ் கோடைப் பருவத்தில் ட்ரியருக்கும் புல்லாய்க்கும் நடுவே ஓடும். அதில் முன்பதிவு செய்துகொள்ளுங்கள்.

எந்த மாதம் போகலாம்?

மே, ஜூன் நல்லது. செப்டம்பர் கடைசியும் அக்டோபர் முதல் பாதியும் அதைவிட நல்லது. மலைச்சரிவு மஞ்சளாகத் தொடங்கும் காலம், அறுவடையும் அப்போதுதான். ஒரே குறை, அறுவடை வாரங்களில் தோட்டக்காரர்கள் விடியற்காலையிலிருந்து மலையில் இருப்பார்கள். நிதானமாக உட்காரவைத்து ஊற்றித்தர வீட்டில் ஆள் இருக்காது. ஆற அமரப் பேச வேண்டும் என்றால் மே மாதத்துக்குப் போங்கள்.

செப்டம்பர் முதல் வார இறுதியில் பெர்ன்காஸ்டலில் பெரிய ஒயின் திருவிழா நடக்கும். அறை கிடைக்காது. குளிர்காலத்தில் வெள்ளம் வந்தால் பாதையே தண்ணீருக்குள் போய்விடும். ஊர்ச் சுவர்களில் வெள்ளம் ஏறிய உயரத்தை வருடத்தோடு செதுக்கி வைத்திருப்பார்கள். 1993 என்ற கோட்டைத் தேடிப் பாருங்கள். பல இடங்களில் அது உங்கள் தலைக்கு மேலே இருக்கும்.

சைக்கிளும் பையும்

ட்ரியரில் வாடகைக்கு எடுக்கலாம். எடுக்கும்போதே கோப்லென்ஸில் விட்டுவிட முடியுமா என்று கேளுங்கள். முடியாவிட்டாலும் சிக்கல் இல்லை, ரயிலில் ஏற்றித் திருப்பிக் கொண்டுவந்துவிடலாம். இந்த மாநிலத்துப் பாசஞ்சர் ரயில்களில் வார நாட்களில் காலை 9 மணிக்கு மேலும், சனி ஞாயிறு முழுநாளும் சைக்கிளுக்குத் தனி டிக்கெட் வேண்டாம். சைக்கிள் படம் போட்ட பெட்டியில் ஏறுங்கள்.

பேட்டரி சைக்கிள் இந்த வழிக்குத் தேவையில்லை. மேலே தோட்டங்களுக்கும் காட்சி முனைகளுக்கும் ஏறிப் பார்க்க ஆசை இருந்தால் எடுங்கள். முதுகில் பை மாட்டாதீர்கள், இரண்டாம் நாளே தோள் கெஞ்சும். கேரியரின் இரு பக்கமும் தொங்கும் பைகள் போதும். உள்ளே மாற்று ட்யூப் ஒன்று, கைப் பம்ப், மழைச்சட்டை. ஞாயிற்றுக்கிழமை கடைகள் மூடியிருக்கும் என்பதால் சனிக்கிழமையே ரொட்டியும் பழமும் வாங்கி வையுங்கள். சின்னத் தோட்டக்காரர்கள் சிலர் கார்டு வாங்க மாட்டார்கள், கொஞ்சம் ரொக்கம் இருக்கட்டும்.

தங்குவதற்கு ஒயின் செய்பவர்களின் வீட்டு அறைகளையே முதலில் பாருங்கள். ‘பெட் ப்ளஸ் பைக்’ என்ற பலகை மாட்டிய இடங்களில் ஒரே ஓர் இரவுக்கும் இடம் தருவார்கள், சைக்கிளைப் பூட்டி வைக்கவும் இடம் இருக்கும்.

ஆற்றின் எந்தக் கரையில் போவது?

பெரும்பாலான தூரத்துக்கு இரு கரையிலும் பாதை உண்டு. வெயில் விழும் சரிவில்தான் திராட்சை நட்டிருப்பார்கள். ஆறு திரும்பத் திரும்ப அந்தச் சரிவும் கரை மாறும். என் பழக்கம் இது: ஓட்டும்போது தோட்டத்துக்கு எதிர்க்கரை, நிறுத்தி நடக்கும்போது தோட்டத்தின் கரை. அடியிலிருந்து அண்ணாந்து பார்த்தால் சுவர்தான் தெரியும். எதிர்க்கரையிலிருந்து பார்த்தால்தான் ஒரு மலை முழுக்க எப்படிக் கையாலேயே உழைத்து வைத்திருக்கிறார்கள் என்பது புரியும்.

கரையில் கப்பல்களுக்காக வைத்திருக்கும் கிலோமீட்டர் எண்களைக் கவனியுங்கள். கோப்லென்ஸ்தான் பூஜ்யம். ட்ரியரில் 190ஐ ஒட்டி ஆரம்பித்து எண் குறைந்துகொண்டே வரும். பெர்ன்காஸ்டல் 130, கோக்கம் 51. மேப் பார்க்காமலே இருக்கும் இடம் தெரிந்துவிடும்.

முதல் நாள்: ட்ரியர் முதல் நொய்மாகன் வரை, சுமார் 40 கிலோமீட்டர்

ட்ரியரில் முந்தின நாளே வந்து தங்குங்கள். கருத்த கற்களாலான போர்ட்டா நிக்ரா என்ற நகர வாயிலை ரோமானியர்கள் கி.பி. 170 வாக்கில் கட்டினார்கள். இதே ஊரில்தான் 1818இல் கார்ல் மார்க்ஸ் பிறந்தார். 1843இல் மோசெல் திராட்சை விவசாயிகள் பட்ட பாட்டைப் பற்றி அவர் பத்திரிகையில் எழுதினார். பொருளாதாரம் படிக்கத் தன்னைத் தள்ளியவற்றில் அந்த விவசாயிகளின் நிலையும் ஒன்று என்று பின்னாளில் அவர் சொன்னதை எங்கெல்ஸ் பதிவு செய்திருக்கிறார். அதை மனதில் வைத்துக்கொண்டு இந்தச் சரிவுகளைப் பார்த்தால், அழகோடு உழைப்பும் கண்ணில் படும்.

காலை ஒன்பதுக்குக் கிளம்பினால் ஷ்வைக் வரை கொஞ்சம் நகர்ப்புறம், அதன்பின் தோட்டங்கள். நொய்மாகனில் 1878இல் ஒரு கல் கப்பலைத் தோண்டியெடுத்தார்கள். கி.பி. 220ஐ ஒட்டி ஓர் ஒயின் வணிகரின் கல்லறை மீது வைத்த சிற்பம் அது: துடுப்புப் போடுகிறவர்கள், நடுவில் பீப்பாய்கள். அசல் ட்ரியர் அருங்காட்சியகத்தில் இருக்கிறது. நொய்மாகனில் அதன் பிரதியும், 2007 முதல் தண்ணீரில் மிதக்கும் மரக்கப்பலும் உண்டு.

இரண்டாம் நாள்: பெர்ன்காஸ்டல் வரை, 23 கிலோமீட்டர்தான்

வேண்டுமென்றேதான் குறைத்து வைத்திருக்கிறேன். பீஸ்போர்ட் வளைவில் வலது கரையில் நின்று எதிரே பாருங்கள், மலை ஓர் அரைவட்ட அரங்கம் போல ஊரைச் சூழ்ந்து நிற்கும். அதன் அடிவாரத்தில் நான்காம் நூற்றாண்டின் ரோமானியத் திராட்சை ஆலை ஒன்றும் கிடைத்திருக்கிறது.

மதியத்துக்குள் பெர்ன்காஸ்டல்-கூஸ் போய்விடலாம். பெர்ன்காஸ்டல் பக்கம் மரச்சட்ட வீடுகளும் கூட்டமும். பாலம் தாண்டிக் கூஸ் பக்கம் வந்துவிடுங்கள். 1401இல் இந்த ஊரில் பிறந்த தத்துவஞானி நிக்கோலாஸ், கார்டினலாக உயர்ந்த பின் 1458இல் முதியோருக்காக ஓர் இல்லம் அமைத்தார். 33 பேர் தங்குவதற்கான ஏற்பாடு. அதன் செலவுக்குத் திராட்சைத் தோட்டங்களை எழுதி வைத்தார். அந்த இல்லம் இன்றும் முதியோர் இல்லமாகவே நடக்கிறது, அதன் தோட்டத்து ஒயினும் விற்பனையாகிறது. அவர் உடல் ரோமில், இதயம் மட்டும் இங்குள்ள சிற்றாலயத்தில். இந்த ஆற்றங்கரையில் ஒரே ஒரு கட்டடத்துக்குள் மட்டும் நுழைய நேரம் இருந்தால், இதற்குள் நுழையுங்கள்.

மூன்றாம் நாள்: ட்ராபன்-ட்ரார்பாக் வரை, 24 கிலோமீட்டர்

இடது கரையில் போங்கள். வேலன் ஊரிலிருந்து பார்த்தால், எதிர்க்கரைச் சரிவின் நடுவில் பெரிய வெள்ளை முகப்போடு ஒரு சூரியக் கடிகாரம் தெரியும். தோட்டத்தில் வேலை செய்பவர்களுக்கு நேரம் தெரியட்டும் என்று 1842இல் வைத்தது. பாட்டிலில் ‘வேலனர் சோனனூர்’ என்று பார்த்தால் ‘வேலன் ஊர்ச் சூரியக் கடிகாரத் தோட்டம்’ என்று அர்த்தம். பழைய லேபிள் முறை இதுதான்: முதல் சொல் ஊரின் பெயர், அடுத்தது தோட்டத்தின் பெயர்.

இங்கே சைக்கிளை நிறுத்திவிட்டு ஒரு தோட்டத்துக்குள் நடந்து பாருங்கள். தரை முழுக்க நீலக்கருப்பில் தட்டைத் தட்டையாக உடைந்த கல். நாம் ஒன்றாம் வகுப்பில் எழுதிய கல் சிலேட்டு எந்தக் கல்லோ, அதே கல்தான். ஒவ்வொரு கொடிக்கும் தனித்தனி முளைக்குச்சி. இரண்டு கிளைகளை இருபக்கமும் வளைத்து அடியில் கட்டியிருப்பார்கள், இதய வடிவம் வரும். வேலைக்கார அம்மா ஒருவர் என் உள்ளங்கையில் ஒரு சில்லை வைத்து, “இப்போது சுடுகிறதா? ராத்திரி ஒன்பது மணிக்கு வந்து தொட்டுப் பாருங்கள்” என்றார். போய்த் தொட்டேன். காற்று சில்லிட்டுப் போயிருந்தது, கல்லில் இளஞ்சூடு அப்படியே இருந்தது. பகலில் வாங்கிய வெப்பத்தை இரவில் கொடிக்குத் திருப்பித் தருகிறது. இவ்வளவு வடக்கே, குளிர்நாட்டில், ரீஸ்லிங் திராட்சை பழுப்பதற்கு இந்தக் கல்லும் வெயில் பார்த்த சரிவும்தான் காரணம்.

ஊர்ட்ஸிக் வந்தால் மண் திடீரென்று சிவந்துவிடும், ஒயினின் மணமும் மாறும். தலைக்கு மேலே 158 மீட்டர் உயரத்தில் 2019இல் திறந்த நெடுஞ்சாலைப் பாலம் போகிறது. பலருக்கு அதன் மேல் இன்னும் கோபம் உண்டு.

ட்ராபன்-ட்ரார்பாக் 1900ஐ ஒட்டி பிரான்ஸின் போர்டோவுக்கு அடுத்தபடி ஐரோப்பாவின் பெரிய ஒயின் வணிக ஊராக இருந்தது. ஊருக்கு அடியில் மாடி மாடியாகப் பாதாள அறைகள். அவற்றுக்குள் கூட்டிப்போகும் நடைப்பயணம் உண்டு. சுவெட்டர் எடுத்துப் போங்கள்.

நான்காம் நாள்: ப்ரெம் வரை, சுமார் 35 கிலோமீட்டர்

செல் என்ற ஊரைத் தாண்டிப் புல்லாயில் இரண்டடுக்குப் பாலம் இருக்கிறது, மேலே ரயில், கீழே சாலை. ப்ரெம் ஊரின் கல்மோன்ட் சரிவு ஐரோப்பாவிலேயே செங்குத்தான திராட்சைச் சரிவுகளில் ஒன்று. சில இடங்களில் 65 டிகிரி. டிராக்டர் ஏறாது, ஒற்றைத் தண்டவாளத்தில் ஒரு சின்ன வண்டி ஆளையும் கூடையையும் ஏற்றிப்போகும். அந்தச் சரிவுக்குள் ஏணியும் இரும்புக் கயிறும் பிடித்து நடக்கும் பாதை உண்டு. சைக்கிள் ஷூவில் ஏறாதீர்கள், மழை பெய்தால் ஏறவே வேண்டாம். மேலிருந்து பார்த்தால் ஆறு ஒரு முழு வளையம் போடுவதும், உள்ளே பாழடைந்த மடம் ஒன்று நிற்பதும் தெரியும்.

ஐந்தாம், ஆறாம் நாள்

ப்ரெமிலிருந்து கோக்கம் வரை, ரயில் விட்டுவிட்ட அந்த 20 கிலோமீட்டர். ஒரு முழு நாளையும் இதற்குக் கொடுங்கள். பைல்ஸ்டைன் ஊருக்கு எதிர்க்கரையிலிருந்து படகில் கடந்து, இடிந்த கோட்டைக்கு ஏறி, கீழே வந்து மதியம் சாப்பிட்டு, நான்கு மணிக்குக் கோக்கம் போனால் போதும்.

கோக்கம் முதல் கோப்லென்ஸ் வரை 51 கிலோமீட்டர். பாதை பல இடங்களில் நெடுஞ்சாலையை ஒட்டிப் போவதால் சத்தம் இருக்கும். நேரம் குறைவென்றால் இதை விட்டுவிட்டு ரயில் ஏறுங்கள். எல்ட்ஸ் கோட்டைக்குப் போக நினைப்பவர்கள் மோசெல்கெர்னில் சைக்கிளைப் பூட்டிவிட்டு நடக்க வேண்டும்.

எப்படிக் கேட்பது, எப்படிச் சுவைப்பது?

வாசலில் துடைப்பமோ பச்சைக் கிளைக் கொத்தோ தொங்கினால், அந்த வீட்டில் ஒயின் ஊற்றித் தருகிறார்கள் என்று பொருள். ‘ஷ்ட்ராவுஸ்விர்ட்ஷாஃப்ட்’ என்று பெயர். சொந்த ஒயினை வருடத்தில் நான்கு மாதம் வரை, 40 இருக்கைக்கு மிகாமல், ஹோட்டல் லைசென்ஸ் இல்லாமலே விற்கச் சட்டம் இடம் தருகிறது. துடைப்பம் தெரிந்தால் இறங்கிவிடுங்கள். அடுத்த ஊரில் பார்த்துக்கொள்ளலாம் என்று நான் தாண்டிப்போன இடங்களை நினைத்து இன்றும் வருந்துகிறேன்.

மற்ற வீடுகளுக்கு முந்தின நாளே போன் செய்துவிட்டுப் போங்கள். ஐந்தாறு வகை கேளுங்கள், ஒவ்வொன்றும் ஒரு வாய் மட்டும். துப்புவதற்கு ஒரு பாத்திரம் கேட்டால் யாரும் தப்பாக நினைக்க மாட்டார்கள். இனிப்பில்லாததில் தொடங்கி இனிப்பை நோக்கிப் போங்கள். லேபிளில் ‘ட்ரோக்கன்’ என்றால் இனிப்பற்றது, ‘ஃபைன்ஹெர்ப்’ என்றால் லேசான இனிப்பு. ‘காபினெட்’, ‘ஷ்பேட்லேஸ’, ‘அவுஸ்லேஸ’ என்பவை பறிக்கும்போது பழம் எவ்வளவு கனிந்திருந்தது என்பதைச் சொல்லும் படிகள். இனிப்புள்ள காபினெட்டில் ஆல்கஹால் 8, 9 சதவீதம்தான் இருக்கும். பழைய ரீஸ்லிங்கில் மண்ணெண்ணெய் வாசம் அடித்தால் கெட்டுவிட்டது என்று நினைக்காதீர்கள், வயதான ரீஸ்லிங்கின் குணம் அது. ஊற்றித் தந்த வீட்டில் ஒரு பாட்டிலாவது வாங்கிக்கொண்டு கிளம்புவதுதான் மரியாதை.

குடிக்காதவர்கள் கூட வந்தால் சங்கடப்பட வேண்டாம். அதே தோட்டத்துத் திராட்சைச் சாறு கேட்டால் பெரும்பாலும் கிடைக்கும்.

செப்டம்பர், அக்டோபரில் ‘ஃபெடர்வைஸர்’ கிடைக்கும். திராட்சைச் சாறு புளித்துக்கொண்டிருக்கும்போதே குடிப்பது, வெள்ளையாகக் கலங்கி நுரைத்திருக்கும். நம்ம ஊர்க் கள் மாதிரி காலையில் ஒரு ருசி, மாலையில் ஒரு ருசி. காற்றுப் போக மூடியில் வழி விட்டிருப்பார்கள், படுக்கவைத்தால் பை முழுக்க ஒழுகிவிடும். அதை வாங்கிய இடத்திலேயே குடித்துவிடுங்கள். கூடவே தரும், வெங்காயம் வைத்துச் சுட்ட கேக்கிலும், ஃப்ளாம்குஹன் என்ற மெல்லிய ரொட்டியிலும் பன்றி இறைச்சித் துண்டுகள் இருக்கும். சைவர்கள் ‘ஓனே ஷ்பெக்’ (பன்றி இறைச்சி இல்லாமல்) என்று சொல்லிக் கேளுங்கள்.

குடித்துவிட்டு ஓட்டுவது பற்றி

ஜெர்மனியில் சைக்கிள்காரருக்கும் இது குற்றம். ரத்தத்தில் ஆல்கஹால் 1.6 ப்ரோமில் (ஆயிரத்தில் 1.6 பங்கு) என்றால் நேராக வழக்கு. தடுமாறினாலோ விபத்து நடந்தாலோ 0.3லேயே மாட்டிக்கொள்ளலாம், கார் ஓட்டும் லைசென்ஸும் போகலாம். சட்டத்தை விடுங்கள், பக்கத்திலேயே ஆறு இருக்கிறது. எனக்கு நான் வைத்திருக்கும் விதி ஒன்றுதான்: குடிக்கிற ஊரிலேயே தூங்க வேண்டும். பெரும்பாலும் மதியம் ஒன்று, இரண்டு மணிக்குள் அன்றைய தூரத்தை முடித்து, அறையில் பையை இறக்கி, சைக்கிளைப் பூட்டிவிட்டு, நடந்துபோய்த்தான் முதல் கிண்ணம். மேலே போட்ட தூரங்கள் எல்லாம் இந்த விதிக்காகக் குறைத்தவைதான்.

பாட்டில்களும் திரும்பும் வழியும்

நிறைந்த பாட்டில் ஒன்று கிட்டத்தட்ட 1.3 கிலோ. நான்கு வாங்கினாலே வண்டி ஒரு பக்கம் இழுக்கும். ஜெர்மனிக்குள் தெரிந்தவர் முகவரி இருந்தால் தோட்டக்காரர்களே ஆறு பாட்டில் பெட்டியாக அனுப்பி வைப்பார்கள். இந்தியாவுக்கு விமானத்தில் கொண்டுவர, பெரியவர் ஒருவருக்கு 2 லிட்டர் வரை சுங்க வரி இல்லை. இரண்டு பாட்டிலைத் துணியில் சுற்றி, செக்-இன் பெட்டியின் நடுவில் வையுங்கள்.

கோப்லென்ஸில் மோசெல் ரைனோடு கலக்கும் முனையில் கிலோமீட்டர் எண் பூஜ்யமாகிவிடும். அங்கிருந்து ட்ரியருக்குத் திரும்பும் ரயிலில் இடது பக்க ஜன்னலைப் பிடியுங்கள். கோக்கம் வரை ஆறு அந்தப் பக்கம்தான் வரும். அதன்பின் சுரங்கம். வெளியே வந்ததும், நீங்கள் ஒரு நாள் முழுக்க மிதித்த தூரம் பின்னால் போயிருக்கும்.